கயிறு முதலில், கேமரா பிறகு: டேவிட் பிரஷியர்ஸ் வாழ்ந்த வாழ்க்கை

கேள்வி இதுதான்: “‘ஃப்ரீ சோலோ’ பார்த்தேன். அலெக்ஸ் ஹொனால்ட் கயிறே இல்லாமல் எல் கேப்பிடன் பாறையில் ஏறுகிறார், சரி. அவரைப் படமெடுத்தவர்களும் அதே பாறையில்தானே தொங்கியிருக்க வேண்டும்? அவர்கள் மலையேறிவிட்டுக் கேமரா கற்றவர்களா, கேமரா கற்றுவிட்டு மலையேறியவர்களா? அப்படி ஒருவருடைய வாழ்க்கை எப்படி இருக்கும்?”

மலையேறிவிட்டுக் கேமரா கற்றவர்கள்தான். அந்தப் படத்தின் இயக்குநர்களில் ஒருவரான ஜிம்மி சின் அப்படி வந்தவர். ஆனால் முழு வாழ்க்கையைச் சொல்லச் சொன்னால் நான் எடுத்துக்கொள்வது அவருக்கு முந்தைய தலைமுறைக்காரரான டேவிட் பிரஷியர்ஸை. ஐந்து முறை எவரெஸ்ட் உச்சியில் நின்றவர், தொலைக்காட்சிப் படங்களுக்குத் தரும் எம்மி விருதை நான்கு முறை வாங்கியவர், 2024 மார்ச்சில் 68 வயதில் காலமானவர். நான் பிலிம் காலத்தில் கேமரா உதவியாளராக இருந்தவன். மலைக்கும் எனக்கும் சம்பந்தமில்லை. ஆனாலும் அவர் அங்கே செய்த வேலையில் ஒரு பகுதியின் கஷ்டம் என் விரல்களுக்குத் தெரியும். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

1955 டிசம்பரில் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்தில் ஒரு ராணுவத் தளத்தில் பிறந்தார். அப்பா ராணுவ அதிகாரி. சிறுவனாக இருந்தபோது ஒரு புத்தகத்தில் டென்சிங் நோர்கே எவரெஸ்ட் உச்சியில் நிற்கும் படத்தைப் பார்த்ததுதான் ஆரம்பம் என்று அவரே சொல்லியிருக்கிறார். நாம் எல்லோரும் பார்த்த படம்தான் அது: முகத்தில் ஆக்சிஜன் முகமூடி, உயர்த்திய கையில் கொடிகள் கட்டிய பனிக்கோடாரி. அதை எடுத்தவர் ஹிலாரி. ஹிலாரி உச்சியில் நிற்கும் படம் கிடையாது. பிரஷியர்ஸ் பிறகு தேர்ந்துகொண்ட தொழிலில் எடுப்பவர் படத்தில் இல்லாமல் போவது அன்றாடம் நடப்பது.

குடும்பம் கொலராடோவுக்குக் குடிபெயர்ந்தது. போல்டர் நகரத்துக்குப் பக்கத்தில் எல்டொராடோ பள்ளத்தாக்கு இருக்கிறது. செங்குத்தான மணற்கல் சுவர்கள். அங்கேதான் அவர் வளர்ந்தார் என்று சொல்லிவிடலாம். க்ளோபர்டான்ஸ் என்ற கடினமான வழியை ஏறிக் காட்டியதில் ‘க்ளோபர்டான்ஸ் கிட்’ என்று பட்டப்பெயரே வந்துவிட்டது. 1975-ல், இருபது வயது நிரம்பும் முன்பே, ‘பெரிலஸ் ஜர்னி’ என்ற வழியை முதன்முதலாக ஏறினார். கயிற்றைப் பாறையில் மாட்டிப் பிடிமானம் செய்துகொள்ள நீண்ட தூரத்துக்கு இடமே கிடைக்காத சுவர் அது. கை வழுக்கினால் தரைதான். அந்த வட்டாரத்தில் இன்றும் அதன் பெயரை மரியாதையோடுதான் சொல்கிறார்கள்.

சினிமாவுக்குள் அவர் வந்தது கேமரா வழியாக இல்லை, கயிறு வழியாக. மலையில் படப்பிடிப்பு என்றால் யூனிட்டுக்கு முன்னால் ஒருவர் ஏறிப் போக வேண்டும். பாறையில் பிடிமானம் அடிக்க வேண்டும், நிலையான கயிறு கட்ட வேண்டும், கேமராமேனை அதில் தொங்கவிட வேண்டும், சாமான்களை இழுத்து ஏற்ற வேண்டும். ஃப்ரெட் ஸின்னமன் ஆல்ப்ஸ் மலையில் எடுத்த ‘ஃபைவ் டேஸ் ஒன் சம்மர்’ படத்தில் பிரஷியர்ஸ் இந்த வேலைதான் பார்த்தார். ஷான் கானரி நடித்த படம், 1982-ல் வெளிவந்தது. நம் யூனிட்டுகளில் ஃபைட்டர்களுக்கு ரோப் கட்டுகிறவர்கள் இருக்கிறார்களே, அவர்களை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரு ஷாட் எங்கிருந்து எடுக்க முடியும், எங்கிருந்து எடுக்கவே கூடாது என்பது அவர்களுக்குத்தான் முதலில் தெரியும். பிரஷியர்ஸ் அந்த இடத்தில் நின்று கற்றுக்கொண்டு, அப்புறம் மெதுவாகக் கேமராவுக்குப் பின்னால் வந்தார்.

1981-ல் எவரெஸ்டின் கிழக்குப் பக்கமான காங்ஷுங் முகத்துக்குப் போன அமெரிக்கக் குழுவோடு படமெடுக்கப் போனார். 1983 மே மாதம் உச்சியையே தொட்டார். அங்கிருந்து முதன்முதலாகத் தொலைக்காட்சிக்கு நேரடிப் படம் அனுப்பியதும் அந்தப் பயணத்தில்தான். இன்று அடிவார முகாமில் செல்போன் எடுக்கிறது, அதனால் இது சாதாரணமாகத் தெரியலாம். அன்றைக்கு அதற்கான கருவிகளை முதுகில் சுமந்து 8,848 மீட்டருக்கு ஏற்ற வேண்டியிருந்தது.

1985 ஏப்ரல் 30 அன்று மறுபடி ஏறினார். எவரெஸ்டை இரண்டு முறை தொட்ட முதல் அமெரிக்கர் ஆனார். அந்த முறை கூடப் போனவர் டிக் பாஸ், 55 வயதுத் தொழிலதிபர். அந்த ஏற்றத்தோடு ஏழு கண்டங்களின் உயர்ந்த சிகரங்களையும் தொட்ட முதல் மனிதர் என்ற பெயர் பாஸுக்குக் கிடைத்தது. இந்தச் சம்பவத்தை நான் வெறும் சாதனைக் கணக்கில் வைப்பதில்லை. நல்ல வழிகாட்டி கிடைத்தால், பணமும் உடல்திறனும் இருக்கிற ஒரு சாதாரண மனிதரும் எவரெஸ்ட் ஏறலாம் என்று உலகம் அப்போதுதான் நினைக்கத் தொடங்கியது. பணம் கட்டி ஏறும் வழக்கம் அதற்குப் பிறகு வளர்ந்தது. பதினொரு வருடம் கழித்து அந்தக் கூட்டத்தின் நடுவே பிரஷியர்ஸே மாட்டிக்கொண்டார்.

இடையில் வேறு வேலைகள். 1924-ல் எவரெஸ்ட் ஏறப் போய்க் காணாமல் போன பிரிட்டிஷ்காரர்கள் மேலரியையும் இர்வினையும் தேடி 1986-ல் திபெத் பக்கமாகப் போனார்கள். பனி விடவில்லை. ஷெர்பா ஒருவர் பனிச்சரிவில் இறந்தார், தேடல் பாதியில் நின்றது. திபெத்தைப் பற்றிய ஆவணப்படம் ஒன்றில் பணியாற்றினார். ‘க்ளிஃப்ஹேங்கர்’, பின்னால் ‘செவன் இயர்ஸ் இன் திபெத்’ போன்ற பெரிய படங்களிலும் வேலை செய்தார். இப்படிப்பட்டவர்களின் வாழ்க்கை பெரும்பாலும் இதுதான்: ஒரு வருடம் ஹாலிவுட் யூனிட், அடுத்த வருடம் தொலைக்காட்சி, அதற்கு அடுத்த வருடம் கூடாரம்.

இனி 1996. ராட்சதத் திரைக்குப் படமெடுக்கும் ஐமாக்ஸ் கேமராவை எவரெஸ்ட் உச்சிக்குக் கொண்டுபோக வேண்டும் என்பது கிரெக் மக்கிலிவ்ரேயின் நிறுவனம் எடுத்துக்கொண்ட வேலை. மலையில் அதற்குப் பொறுப்பு பிரஷியர்ஸ்.

இந்தக் கேமராவைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லியாக வேண்டும். ஐமாக்ஸ் பிலிமின் ஒரு ஃபிரேம் சாதாரண 35 மி.மீ. ஃபிரேமைப் போலப் பத்து மடங்கு பெரியது. பிலிம் மேலிருந்து கீழாக ஓடாமல் பக்கவாட்டில் ஓடும். நாங்கள் 35 மி.மீ.-ல் 400 அடி மேகசின் (பிலிம் பெட்டி) மாட்டினால் நாலரை நிமிடம் கிட்ட ஓடும். ஐமாக்ஸில் 500 அடி மாட்டினாலும் ஒன்றரை நிமிடத்தில் தீர்ந்துவிடும். அந்த ஒரு ரோலே இரண்டு கிலோவுக்கு மேல். வழக்கமான கேமராவை எவரெஸ்டுக்குத் தூக்கவே முடியாது என்பதால், எடையைப் பாதி அளவுக்குக் குறைத்து, கடுங்குளிரில் உறையாத மசகும் பிளாஸ்டிக் பேரிங்குகளும் வைத்து, மைனஸ் 40 டிகிரியிலும் ஓடும்படி தனியாக ஒரு கேமராவைத் தயார்செய்தார்கள். அப்படிக் குறைத்தும் 19 கிலோ. பிலிமும் பேட்டரியும் சேர்ந்தால் 22 கிலோ அளவுக்குப் போகும். முக்காலி வேறு.

பிலிம் கோர்ப்பதைக் கையுறை போட்டுக்கொண்டு செய்ய முடியாது. நுனியை கேட்டுக்குள், அதாவது லென்ஸுக்குப் பின்னால் பிலிம் ஓடும் வழிக்குள் விட்டு, பற்சக்கரத்தின் பல்லில் துளை உட்காருகிறதா என்று விரலால் தொட்டுத்தான் பார்க்க வேண்டும். பிலிமுக்குத் தளர்வாக விடும் வளைவு, அதாவது லூப், ஒரு பல் தவறினாலும் உள்ளே பிலிம் நசுங்கும். நூலோ முடியோ கேட்டில் ஒட்டியிருந்தால், ஐமாக்ஸ் திரையில் அது கயிறு மாதிரி தெரியும். ஒருமுறை ஊட்டியில் ஜனவரி அதிகாலை ஷூட்டிங்கில் என் விரல்கள் மரத்துப்போய், ஒரு மேகசின் மாட்ட மூன்று தடவை முயன்றேன். அது நாலைந்து டிகிரி குளிர்தான், பக்கத்திலேயே டீ இருந்தது. பிரஷியர்ஸும் அவரோடு கேமரா பார்த்த ஆஸ்திரியக்காரர் ராபர்ட் ஷாவரும் இதே வேலையை உச்சியில் வெறும் கையோடு செய்தார்கள். அந்த உயரத்தில் உலோகத்தைத் தொட்டால் தோல் ஒட்டிக்கொள்ளும், சில நிமிடங்களில் விரலையே இழக்கலாம். அவர்கள் அப்படிச் செய்ததை ஒரு புத்தகத்தில் முதலில் படித்தபோது, அதை மூடி வைத்துவிட்டுச் சற்று நேரம் உட்கார்ந்திருந்தேன்.

எடுப்பவருக்கு இன்னொரு கஷ்டமும் உண்டு. ஏறுபவர் ஒரு முறை ஏறினால் போதும். அவர் வருவதை எடுக்க, கேமரா அவருக்கு முன்னால் போய் நிற்க வேண்டும். அவர் கடந்து போனதும் எல்லாவற்றையும் பிரித்து மூட்டை கட்டி, அவரைத் துரத்திப் பிடித்து, தாண்டிப் போய் மறுபடி முக்காலியை நிறுத்த வேண்டும். கடல் மட்டத்தில் கிடைக்கும் ஆக்சிஜனில் மூன்றில் ஒரு பங்குதான் உச்சியில் கிடைக்கும். அங்கே இதைச் செய்ய வேண்டும். கேமரா மேலே போய்ச் சேர்ந்ததற்கு ஷெர்பாக்களின் முதுகுதான் காரணம். உச்சிவரை அதைச் சுமந்தவர் ஜங்பு ஷெர்பா. அந்தப் பெயரையும் சேர்த்து நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

படத்தில் ஏறியவர்கள் அமெரிக்காவின் எட் வீஸ்டர்ஸ், ஸ்பெயினின் அராசெலி செகர்ரா, ஜப்பானின் சுமியோ த்சுசுகி, அப்புறம் ஜம்லிங் டென்சிங் நோர்கே. ஆமாம், டென்சிங்கின் மகன்.

மே மாதத் தொடக்கத்தில் இந்தக் குழு மூன்றாம் முகாம்வரை ஏறிவிட்டது. உச்சியில் காற்று அடங்கவில்லை. பின்னால் பெரிய கூட்டம் வந்துகொண்டிருந்தது. பிரஷியர்ஸ் வீஸ்டர்ஸோடு பேசி, இறங்குவது என்று முடிவெடுத்தார். வழியில், பணம் கட்டியவர்களை அழைத்துப் போகும் வழிகாட்டிகளான ராப் ஹாலின் குழுவும் ஸ்காட் ஃபிஷரின் குழுவும் எதிரே ஏறி வந்தன. பழைய நண்பர்கள். கைகொடுத்துவிட்டு அவர்கள் மேலே போனார்கள், இவர்கள் கீழே வந்தார்கள். பல லட்சம் டாலர் போட்ட படம், வானிலை கைகொடுக்கும் நாட்களோ வருடத்துக்குச் சில, எதிரே வருபவர்கள் எல்லோரும் மேலே போகிறார்கள். அந்த நேரத்தில் திரும்பி இறங்கியதைத்தான் அவர் வாழ்க்கையின் பெரிய காரியமாக நான் நினைக்கிறேன்.

மே 10 மாலை புயல் வந்தது. அந்த இரண்டு நாட்களில் எவரெஸ்டின் இரு பக்கமும் சேர்த்து எட்டுப் பேர் இறந்தார்கள். ஹாலும் ஃபிஷரும் அதில் அடக்கம். வடக்குப் பக்கத்தில் இறந்த மூவரும் நம் இந்தோ-திபெத் எல்லைக் காவல் படையினர். அந்தக் கதையை மேலை நாட்டினர் சொல்லும்போது இந்த மூவர் பெரும்பாலும் விடுபட்டுப்போவார்கள்.

பிரஷியர்ஸின் குழு உச்சி ஏற்றத்துக்காகச் சுமந்துபோய், சவுத் கோல் எனப்படும் 7,900 மீட்டர் கணவாயில் ஆக்சிஜன் சிலிண்டர்களைச் சேர்த்து வைத்திருந்தது. மேலே மாட்டிக்கொண்டவர்களுக்கு அது தேவைப்பட்டபோது, எங்கள் கூடாரத்தைத் திறந்து எடுத்துக்கொள்ளுங்கள் என்று ரேடியோவில் தயங்காமல் சொல்லிவிட்டார். அந்த சிலிண்டர்கள் போனால் படமும் போகலாம் என்பது அவருக்குத் தெரியாததில்லை. இன்னொரு ரேடியோவில் வீஸ்டர்ஸ், மேலே சிக்கியிருந்த ஹாலிடம் எழுந்து இறங்கி வரும்படி மன்றாடிக்கொண்டிருந்தார். ஹால் வரவில்லை.

படப்பிடிப்பை ஓரங்கட்டிவிட்டு மீட்பு வேலைக்காக மேலே போனார்கள். செத்துவிட்டதாக நினைத்து விடப்பட்டு, தானே எழுந்து நடந்துவந்த அமெரிக்க மருத்துவர் பெக் வெதர்ஸை, உறைந்து கறுத்த கைகளோடும் முகத்தோடும், பிரஷியர்ஸும் மற்றவர்களும் பனிச்சுவர் வழியாக அடியடியாக இறக்கிக்கொண்டு வந்தார்கள். அடிவார முகாமுக்கு மேல் பிளவுகளோடு சரியும் கும்பு பனியருவிக்கு மேலே, 6,000 மீட்டருக்கும் அதிக உயரத்தில், நேபாள ராணுவ விமானி மதன் கத்ரி செத்ரி ஹெலிகாப்டரை இறக்கினார். இறங்கும் இடத்தைக் காட்ட, குடிப்பதற்காக வைத்திருந்த சிவப்புப் பானப் பொடியைக் கரைத்துப் பனியில் பெருக்கல் குறி போட்டிருந்தார்கள்.

இதற்குப் பிறகும் அவர்கள் ஏறினார்கள். சரியா தப்பா என்று அவர்களுக்குள்ளேயே பேச்சு நடந்தது. மே 23 அன்று, நண்பர்களின் உடல்களைக் கடந்து உச்சிக்குப் போனார்கள். வீஸ்டர்ஸ் ஆக்சிஜன் இல்லாமல் முன்னால் போய் வழி உண்டாக்கினார். சுமியோவுக்கு இருமி இருமியே விலா எலும்பில் விரிசல் விழுந்திருந்ததால் அவர் உச்சிக்குப் போகவில்லை. ஜம்லிங் போனார். சின்ன வயதில் டென்சிங்கின் படத்தைப் பார்த்துக் கனவு கண்டவர், நாற்பது வயதில் அதே பனிமேட்டில் டென்சிங்கின் மகனை ஃபிரேமுக்குள் வைத்தார்.

‘எவரெஸ்ட்’ 1998-ல் வெளிவந்து உலகம் முழுக்க 12 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. முக்கால் மணி நேர ஆவணப்படத்துக்கு இது யாரும் எதிர்பார்க்காத தொகை. 1997-ல் மறுபடி ஏறி, அந்த உயரத்தில் மனித மூளை எப்படித் தடுமாறுகிறது என்பதைப் படமாக்கினார். 2004-ல் ஐந்தாவது முறை. 1996 மட்டும் அவரை விடவில்லை. பன்னிரண்டு வருடம் கழித்து, உயிர் பிழைத்தவர்களை உட்கார வைத்துப் பேசவைத்து ‘ஸ்டார்ம் ஓவர் எவரெஸ்ட்’ எடுத்தார். யாரையும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றாத படம் அது. 2015-ல் வந்த ‘எவரெஸ்ட்’ கதைப்படத்திலும் அவர் இணைத் தயாரிப்பாளர். அதில் அவருடைய பாத்திரமும் வருகிறது.

எனக்கு அவரிடம் மிகவும் பிடித்த வேலை அதற்குப் பிறகு வந்தது. 2007-ல் ‘கிளேசியர்வொர்க்ஸ்’ என்ற லாப நோக்கில்லாத அமைப்பைத் தொடங்கினார். வேலை சொல்வதற்கு எளிது: நூறு வருடத்துக்கு முன் இமயத்திலும் காரகோரத்திலும் மேலரி, எட்வர்ட் வீலர், விட்டோரியோ செல்லா போன்றவர்கள் எடுத்த பனியாற்றுப் படங்களை எடுத்துக்கொண்டு, அவர்கள் நின்ற அதே இடத்தில் நின்று மறுபடி எடுப்பது.

செய்வது எளிதில்லை. பழைய பிரதியைக் கையில் வைத்துக்கொண்டு, முன்னால் இருக்கும் பாறையின் விளிம்பு பின்னால் இருக்கும் சிகரத்தின் எந்தச் சரிவை வெட்டுகிறது என்று பார்க்க வேண்டும். இரண்டு அடி இடப்பக்கம் தள்ளி நின்றாலும் அந்த வெட்டு மாறிவிடும். நிழல் விழும் கோணம் ஒத்துவர அதே பருவம், அதே நேரம் வேண்டும். அந்த இடத்துக்கே 5,000 மீட்டருக்கு மேல் ஏறித்தான் போக வேண்டும், சில இடங்களில் கயிறு கட்ட வேண்டும். எவரெஸ்டின் வடக்கே உள்ள ரோங்புக் பனியாற்றை மேலரி 1921-ல் எடுத்த படத்தை இப்படிப் பொருத்தினார். சிகரங்கள் கோடு பிசகாமல் பொருந்தின. கீழே மேலரியின் படத்தில் வெள்ளைக் கோபுரங்களாக நின்ற பனி, ஏறக்குறைய 100 மீட்டர் உயரத்துக்கு இல்லை. முப்பது மாடிக் கட்டிடத்தின் உயரம் அது. ரோங்புக்கில் உருகும் தண்ணீர் அருண் ஆறாகி, கோசியில் சேர்ந்து, பீகாரில் கங்கையில் கலக்கிறது. அந்தப் படங்கள் 2010-ல் நியூயார்க் ஏஷியா சொசைட்டியில் பெரிய பெரிய பிரதிகளாக வைக்கப்பட்டன. 2012-ல் 477 படங்களை ஒட்டி எவரெஸ்டின் ஒரே படமாக்கி இணையத்தில் வைத்தார்கள். பெரிதாக்கிக்கொண்டே போனால் அடிவார முகாமின் கூடாரங்கள்வரை தெரியும்.

இவர் ஒருவர்தான் என்றில்லை. ஆஸ்திரியாவின் கர்ட் டீம்பர்கர் பிராட் பீக், தௌலகிரி என்ற இரண்டு எட்டாயிரம் மீட்டர் சிகரங்களின் முதல் ஏற்றத்திலும் இருந்தவர். பிறகு பிரிட்டனின் மலையேறி ஜூலி டல்லிஸோடு சேர்ந்து மலைப்படங்கள் எடுத்தார். 1986-ல் உலகின் இரண்டாவது உயரமான சிகரமான கே2-வில் ஜூலி இறந்தார், இவர் விரல்களை இழந்து திரும்பினார். ‘ஃப்ரீ சோலோ’வில் ஜிம்மி சின்னின் குழுவுக்கு வேறு மாதிரிச் சோதனை: நம் கேமரா இங்கே இருப்பதே நண்பனின் கவனத்தைச் சிதறடித்து அவன் விழுந்துவிட்டால் என்ன செய்வது? சில ஆபத்தான இடங்களில் ஆளே இல்லாமல் கேமராவை வைத்துவிட்டு விலகிக்கொண்டார்கள். டீம்பர்கர், பிரஷியர்ஸ், சின் மூவரும் கேமரா இல்லாவிட்டாலும் அந்த மலையில் இருந்திருக்கக் கூடியவர்கள். எங்கே கேமராவைக் கீழே வைக்க வேண்டும் என்பது அவர்களுக்கு ஏறுபவர்களாகவே தெரிந்திருந்தது. உங்கள் கேள்விக்கு என் பதில் அதனால்தான் முதல் வரியிலேயே அவ்வளவு உறுதியாக வந்தது.

1998 படத்தை முடிந்தவரை பெரிய திரையில் பாருங்கள். கும்பு பனியருவியில் பிளவுகளின் குறுக்கே அலுமினிய ஏணியைப் போட்டு, அடியில் கூரான ஆணிகள் மாட்டிய பூட்ஸோடு ஒவ்வொருவராக நடந்து கடப்பார்கள். கீழே அடி தெரியாத நீல இருட்டு. அங்கே ஏறுபவரை விட்டுவிட்டு, கேமரா எங்கே நிற்கிறது என்று பாருங்கள். அவர் நம்மை நோக்கி நடந்து வருகிறார் என்றால், 19 கிலோ கேமராவும் முக்காலியும் அதைத் தூக்கியவர்களும் ஏற்கெனவே அந்த ஏணியைக் கடந்து வந்து நிற்கிறார்கள்.